கரையில யாருக்குப் பங்கு? வாசகர் கேள்வி பதில்

போன இதழ்ல மேட்டூர் அணைக் கரையில இப்ப யாரு யாரு வேலை செய்யறாங்க, வர்ற காசுல யாருக்குப் பங்குன்னு ஒரு பக்கம் எழுதியிருந்தேன்ல, அதுக்கு இவ்வளவு லெட்டர் வரும்னு எதிர்பார்க்கல. கொளத்தூர், எடப்பாடி, சங்ககிரி, ஏற்காட்டுல இருந்து கூட ஒண்ணு. கடலே இல்லாத சேலம் மாவட்டத்துல கரையைப் பத்தி இத்தனை பேருக்கு பேச இருக்கு பாருங்க. அதனால இந்த வாரம் மத்த கேள்வியெல்லாம் ஓரமா வெச்சுட்டு முழுசா இதுதான்.

வாசகி, கொளத்தூர்: எங்க வீட்டுக்காரர், மாமனார், அவங்க அப்பான்னு மூணு தலைமுறையா டேம்ல மீன் புடிக்கறாங்க. பையன் டிப்ளமோ முடிச்சுட்டு ஓசூர்ல கம்பெனி வேலைக்கு போயிட்டான். "நம்ம பாரம்பரியம் என்னோட முடிஞ்சுது, இந்த மாடர்ன் காலம் வந்து எல்லாத்தையும் கெடுத்துருச்சு"ன்னு இவரு டெய்லி புலம்பறாரு. நிஜமாவே அதுனாலதானா?

அக்கா, உங்க வீட்டுக்காரர்கிட்ட கோவிச்சுக்க வேண்டாம்னு சொல்லிட்டு இதைப் படிச்சு காட்டுங்க. அவரு நிக்கற கரையே மாடர்ன் காலம் போட்டுக் குடுத்த கரைதான். மேட்டூர் அணைக்கு 1925ல வேலை ஆரம்பிச்சு 1934 ஆகஸ்ட் 21ம் தேதி தொறந்தாங்க, அன்னிக்கு கணக்குல 4 கோடியே 80 லட்சம் ரூபா செலவு, 120 அடிக்கு தண்ணி நிக்கும், 93.47 டிஎம்சி புடிக்கும். அதுக்கு முன்னாடி அங்க ஏரி கிடையாது, காவிரி ஓடிட்டு இருந்துச்சு, கரையில ஊரும் வயலும் கோயிலும் இருந்துச்சு. தண்ணி எறங்குனா பண்ணவாடி பக்கம் நந்தி தலை காட்டுதே, கிறிஸ்தவ கோயில் கோபுரம் தெரியுதேன்னு சேலத்துல இருந்து கார் எடுத்துட்டு போயி செல்ஃபி எடுக்கறோமே, அதெல்லாம் அன்னிக்கு இருந்த ஊர்ங்க முழுகுனதுக்கு அடையாளம். ஆக உங்க மாமனாரோட அப்பாதான் முதல் தலைமுறை. அவருக்கு முன்னாடி அந்த எடத்துல உழுதவங்க யாரோ "எங்க பாரம்பரியம் போச்சு"ன்னு மூட்டை கட்டிட்டு போயிருப்பாங்க.

மீனும் அப்படித்தான். கட்லா காவிரி மீனே இல்ல, கோதாவரிப் பக்கத்துல இருந்து கொண்டாந்து விட்டது. ரோகு, மிர்கால் வடக்கத்தி ஆத்து மீனு. ஜிலேபி மீனு ஆப்பிரிக்காவுது, 1952ல தான் இந்தியாவுக்கே வந்துச்சு. மீன்வளத்துறை குஞ்சு விடாம போனா உங்க வீட்டுக்காரர் வலையில என்ன விழும்னு அவரையே கேளுங்க, அவருக்கு நல்லாவே தெரியும்.

இதை ஏன் சொல்றேன்னா, புதுசு வந்ததுனால தொழில் போச்சுன்னு சொன்னா அந்தக் கணக்கு எங்கயும் டேலி ஆகாது. புதுசு ஒவ்வொண்ணும் வந்தப்ப வேலை கொறைஞ்சிருக்கு, மீன் ஜாஸ்தி ஆகியிருக்கு. நூல் வலை இருந்த காலத்துல அதுக்கு மரப்பட்டை சாயம் ஏத்தணும், தினம் காய வைக்கணும், இல்லாட்டி மக்கிப் போயிரும். வீட்ல பெரியவங்க, பொம்பளைங்கன்னு எல்லாரும் வலை பின்னிட்டே இருப்பாங்க. 1950கள் கடைசிக்கு மேல நைலான் வந்துச்சு, மக்காது, லேசு, மீன் கண்ணுக்கும் அவ்வளவா தெரியாது. பரிசலும் அப்படித்தான், மூங்கில் கூடைக்கு தோல் போர்த்துன காலம் போயி, கோணியும் தாரும் வந்து, பிளாஸ்டிக் ஷீட் வந்து, இப்ப ஃபைபர்லயே வார்த்து விக்கறாங்க. இதுல எது கெடுதல்? ஆனா நூல் வலை வீட்லயே பின்னுனது, நைலான் வலை கடையில காசு குடுத்து வாங்கறது. காசு எங்கிருந்து வந்துச்சு? அங்கதான் விஷயம் இருக்கு, அதை இன்னொரு அக்கா கேட்டிருக்காங்க, கீழ சொல்றேன்.

பையன் ஓசூர் போனதுக்கு அவனைத் திட்டாதீங்க. மாசாமாசம் தேதி தவறாம சம்பளம் வர்றதையும், தண்ணி 120 அடி ஏறுனா மீன் பரவி வலையில சிக்காது, எறங்குனா கூட்டமா சிக்கும்ங்கற பொழைப்பையும் பக்கத்துல பக்கத்துல வெச்சு அவன் பாத்திருக்கான். கணக்கு தெரிஞ்ச புள்ள.

வாசகர், அம்மாபேட்டை: சேலத்துல "மேட்டூர் டேம் மீன்"னு போர்டு வெச்சு விக்கறது எல்லாம் நிஜமாவே மேட்டூர் மீனா?

டேம் எத்தனை தடவை ரொம்புனாலும் அத்தனை போர்டுக்கு மீன் குடுக்காது அண்ணா. பண்ணைக் குட்டை கட்லாவும் அதே போர்டுக்குக் கீழதான் படுத்திருக்கும். செவுளைத் தூக்கிப் பாருங்க, ரத்தச் சிவப்பா இருந்தா எந்த ஊரா இருந்தாலும் வாங்கிருங்க.

கல்லூரி மாணவர், எடப்பாடி: பூலாம்பட்டியில இருந்து நெருஞ்சிப்பேட்டைக்கு போட்ல தான் போயிட்டு வர்றோம், ரீல்ஸ்ல "குட்டி கேரளா"ன்னு போடறாங்க. எங்க தாத்தா பரிசல்ல தான் போனாராம். பாலம் வந்துட்டா இந்த போட்டும் போயிருமா? அது சோகம் இல்லையா?

தம்பி, அந்த எடத்துல வருஷம் பூரா தண்ணி தேங்கி தளும்புதே, அது இயற்கை அழகுன்னு நெனைக்கறீங்களா? கரண்டு எடுக்கறதுக்காக கட்டுன கதவணை. மேட்டூருக்குக் கீழ செக்கானூர், நெருஞ்சிப்பேட்டை, குதிரைக்கல்மேடு, ஊராட்சிக்கோட்டைன்னு வரிசையா நாலு, ஒவ்வொண்ணும் 30 மெகாவாட். அந்தத் தேக்கம் இருக்கறதாலதான் எஞ்சின் போட் ஓடுது, மனுஷங்க, பைக்கு, பால் கேன், காலேஜ் பேக் எல்லாம் ஒரே ஆட்டத்துல கரை ஏறுது. பைக்கை ஏத்தும்போது கவனிச்சிருக்கீங்களா, பலகையில முன் சக்கரத்தை வெச்சு, ஒருத்தர் ஹேண்டில்பார் புடிக்க இன்னொருத்தர் கேரியரைத் தள்ள, "ஸ்டாண்டு போடாத, சாய்ச்சு நிறுத்து"ன்னு ஒரு சத்தம். பரிசல் காலத்துல இந்த வேலையே கிடையாது. மாவட்டம் தாண்டி வேலைக்கு போறவனுக்கு இன்னிக்கு அந்த போட்டு தான் ரோடு.

பாலம் வந்தா போட் போயிரும்தான். போகட்டும். மேல கொளத்தூர் பக்கம் பண்ணவாடி - நாகமரை, கோட்டையூர் - ஒட்டனூர்னு தருமபுரி மாவட்டத்துக்கு தாண்டற துறைங்க இருக்கே, அங்க போயி ஒரு கர்ப்பிணிப் பொண்ணுகிட்ட "பரிசல் எவ்வளவு அழகு"ன்னு சொல்லிப் பாருங்க. கர்நாடகாவுல கேஆர்எஸ், கபினி அணைங்க ரொம்பி லட்சம் கனஅடிக்கு மேல தொறந்து விட்டா போக்குவரத்துக்கே தடை, அப்ப எதிர்க்கரை ஊருக்கு எவ்வளவு சுத்திட்டு போகணும்னு அங்க இருக்கறவங்களுக்குத் தான் தெரியும். பாலம் கேட்டு அந்த ஜனங்க எத்தனை வருஷமா மனு குடுக்கறாங்க. சோகம்னு நீங்களும் நானும் கரையில நின்னு சொல்லலாம், தாண்டறவன் சொல்ல மாட்டான்.

எனக்கு கவலை வேற. பரிசல் துறை ஏலத்துல போற சமாச்சாரம். காசு கட்டி ஏலம் எடுக்கறவருக்குத்தான் துறை. கோல் ஊனிட்டு பரிசல் வெச்சிருந்தவன் எஞ்சின் போட் வாங்க முடியாதவனா இருந்தா, அதே துறையில அடுத்தவன் போட்டுல கூலிக்கு நிப்பான். பாலம் வர்றதுக்கு முன்னாடியே அவன் கையில இருந்த துறை போயிருச்சு. பாலம் வந்தப்பறம் டூரிஸ்ட் போட் விடுவாங்க, கண்டிப்பா விடுவாங்க, அந்த லைசென்ஸ்ல முதல் உரிமை இவங்களுக்குன்னு இப்பவே எழுதி வாங்கினா நல்லது. பாலம் திறப்பு விழா அன்னிக்கு மாலையோட போயி கேட்டா கிடைக்காது.

வாசகர், சங்ககிரி (ரிட்டயர்டு): எங்க தாத்தா பஞ்ச காலத்துல சேலத்துல இருந்து மெட்ராஸ் ஹார்பருக்கு மூட்டை தூக்கப் போனவர். போன மாசம் பேரனோட சென்னை துறைமுகம் பக்கம் போனா வெளிய கண்டெய்னர் லாரிதான் மைல் கணக்குல நிக்குது, ஆளையே காணோம். அத்தனை ஆயிரம் பேரு எங்க போனாங்க? அவங்களுக்கு யாரு என்ன குடுத்தாங்க?

ஐயா, இதுக்கு கொஞ்சம் நீளமாத்தான் சொல்லணும், ஏன்னா சங்ககிரிக்காரருக்கு இதுல ஒரு சுவாரசியம் இருக்கு. கண்டெய்னரைக் கொண்டாந்தது கப்பல்காரன் இல்ல, ஒரு லாரி ஓனரு. மால்கம் மெக்லீன்னு அமெரிக்காக்காரர், ஒரு லாரியில ஆரம்பிச்சு பெரிய டிரான்ஸ்போர்ட் கம்பெனி ஆனவர். துறைமுகத்துல சரக்கு எறக்க லாரி மணிக்கணக்கா நிக்குதே, மூட்டை மூட்டையா எறக்கி ஏத்தறதுக்கு பதிலா லாரியோட பெட்டியையே தூக்கி கப்பல்ல வெச்சா என்னன்னு யோசிச்சாரு. லோடு எறங்காம லாரி நிக்கற கடுப்பு சங்ககிரிக்கும் நாமக்கல்லுக்கும் நான் சொல்லித் தெரியணுமா. 1956 ஏப்ரல் 26, ஐடியல் எக்ஸ்ங்கற பழைய எண்ணெய்க் கப்பல்ல 58 பெட்டி ஏத்தி நியூயார்க் பக்கத்து நியூவார்க்ல இருந்து ஹூஸ்டனுக்கு விட்டாரு. மூட்டையா ஏத்துனா டன்னுக்கு 5 டாலர் 86 சென்ட், பெட்டியில 16 சென்ட்டுக்கும் கீழ. இந்த வித்தியாசத்தைப் பாத்தப்பறம் உலகத்துல எந்த துறைமுகமும் மூட்டையோட நிக்க முடியல.

அப்படியும் மூட்டையோட நின்ன துறைமுகம் செத்துச்சு. லண்டன்ல ஊருக்கு நடுவுல தேம்ஸ் ஆத்துல இருந்த பழைய டாக்குங்க 1960கள் கடைசியில மூட ஆரம்பிச்சு 1981க்குள்ள எல்லாம் மூடிட்டாங்க, ஏன்னா பெரிய கண்டெய்னர் கப்பல் அவ்வளவு உள்ள வராது, பெட்டி அடுக்க மைதானமும் இல்ல, வேலை முழுக்க கடல் பக்கம் டில்பரிக்கு போயிருச்சு. அப்பன் மூட்டை தூக்குன எடத்துல இப்ப பேங்குக்காரங்க கண்ணாடி பில்டிங்ல உக்காந்திருக்காங்க. நம்ம சென்னையில 1983ல கண்டெய்னர் முனையம் வந்துச்சு, 2001ல அதை தனியார் கையில குடுத்தாங்க. ஒரு கேங்கு நாள் கணக்குல எறக்குனதை கிரேன் ஓட்டற ஒருத்தர் மேல உக்காந்து மணிக்கணக்குல எறக்கிடறாரு.

யாரு என்ன குடுத்தாங்கன்னு கேட்டீங்களே, நான் இந்த பக்கத்துல சொல்ல நெனைக்கறதே அதுதான். அமெரிக்கா மேற்குக் கரையில, சான் பிரான்சிஸ்கோ பக்கம், ஹாரி பிரிட்ஜஸ்னு ஒரு யூனியன் தலைவர். மெஷினை உள்ள விடக் கூடாதுன்னு ஒரு காலத்துல சண்டை போட்ட ஆளுங்க தான் அவங்களும். 1960ல அவரு ரூட்டை மாத்துனாரு. மெஷினைக் கொண்டா, தடுக்கல, ஆனா மெஷின் மிச்சப்படுத்தற காசுல எங்களுக்குப் பங்கு குடுன்னு உக்காந்து ஒப்பந்தம் போட்டாரு. முதலாளிங்க வருஷத்துக்கு 50 லட்சம் டாலர் நிதியில போடணும், ஏற்கனவே இருக்கற ஆளை வேலைய விட்டு அனுப்பக் கூடாது, வயசானவங்க பணத்தோட முன்கூட்டியே ரிட்டயர் ஆகலாம். அந்த காலத்துக்கு இது பெரிய விஷயம். நம்ம ஊர்ல பல தொழில்ல இன்னிக்கு வரைக்கும் இப்படி யாரும் கேக்கல.

ஆனா ஐயா, இதுலயும் ஓட்டை இருக்கு. பங்கு வாங்குனது அப்பன் தலைமுறை. பசங்க? புதுசா வந்தவங்களை ரெண்டாந்தரமா வெச்சிருந்தாங்க, யூனியன்ல முழு உரிமை கிடையாது, வேலையும் கொறைஞ்சுட்டே வந்துச்சு. கண்டெய்னர் ரொப்பற வேலை யாருக்குன்னு வந்த சண்டையில 1971-72ல 100 நாளைக்கு மேல ஸ்ட்ரைக். அப்பன் நல்லா பேரம் பேசுனான், மகன் பேரம் பேசற மேஜையிலயே இல்ல. நல்ல ஒப்பந்தத்துலயே இந்த கதின்னா, ஒப்பந்தமே இல்லாத எடத்துல என்ன ஆகும்னு நெனச்சுக்குங்க. நம்ம நாட்டுல 1948லயே துறைமுகத் தொழிலாளர் சட்டம் இருந்துச்சு, அதுக்குக் கீழ பேர் பதிஞ்சவங்களுக்கு கொஞ்சம் பாதுகாப்பு இருந்துச்சு. பதியாம வெளிய நின்னு தெனக்கூலிக்கு தூக்குனவங்களுக்கு அது பொருந்தாது. உங்க தாத்தாகிட்ட அட்டை இருந்துச்சா, அது வீட்டு பரண்ல எங்கயாவது கிடக்கான்னு ஒரு தடவை தேடிப் பாருங்க, கிடைச்சா எனக்கும் ஒரு போட்டோ அனுப்புங்க.

வாசகர், ஏற்காடு: எங்க ஏரியில மீனவரே கிடையாது, போட் ஹவுஸ் மட்டும் தான், கரை முழுக்க மொளகா பஜ்ஜி கடை. இதுவும் நீங்க சொல்ற மாடர்ன் கணக்குல வருமா?

வரும், வராம எங்க போகும். பெடல் போட்டுக்கு டிக்கெட் கிழிக்கறதும், பஜ்ஜிக்கு மாவு கரைக்கறதும் கரை வேலை தான். சீசன் முடிஞ்சு மழைல எல்லா கடையும் தார்ப்பாய் போத்திக்கிட்டு கிடக்கும்போது அந்த பஜ்ஜி போடற அக்காவுக்கு என்ன வருமானம்னு கேட்டா, டூரிசம் மட்டும் நம்பற கரை எவ்வளவு பலவீனம்னு தெரிஞ்சுரும். மேட்டூரை முழுசா டூரிஸ்ட் ஸ்பாட் ஆக்கிடலாம்னு ஐடியா குடுத்து மூணு லெட்டர் வந்திருக்கு, அவங்களுக்கும் சேத்துதான் சொல்றேன்.

வாசகி, சூரமங்கலம்: ஏப்ரல் வந்தா மார்க்கெட்டுல வஞ்சிரம் விலை கேட்டா மயக்கம் வருது. தடைகாலம்ங்கறாங்க, ஆனா அப்பவும் கடல் மீன் விக்குது. என்ன குழப்பம் இது?

விசைப்படகுக்கு மட்டும் தான் தடைக்கா. கிழக்குக் கரையில ஏப்ரல் 15ல இருந்து ஜூன் 14 வரைக்கும் 61 நாள், மீன் குஞ்சு பொரிக்கற சீசன். 2001ல ஆரம்பிச்சப்ப 45 நாளா இருந்துச்சு, 2017ல இருந்து 61. நாட்டுப்படகு, வள்ளம் போலாம், அவங்க கொண்டாற கொஞ்சம்தான் அப்ப சேலம் வரைக்கும் வருது, மீதி மேற்குக் கடக்கரையில இருந்து ஐஸ்ல வர்றது. லாரி வாடகை, ஐஸ், ரெண்டு கை மாறுன லாபம் எல்லாம் உங்க வஞ்சிரம் தலையில.

இந்த ரெண்டு ஜாதிப் படகு எப்படி வந்துச்சுன்னா, 1952ல நார்வே நாட்டோட ஒரு ஒப்பந்தம் போட்டு கொல்லம் பக்கத்துல நீண்டகரையில நவீன மீன்பிடிப்பு திட்டம் ஆரம்பிச்சாங்க. சின்ன மீனவனுக்கு எஞ்சின், ஐஸ் பிளான்ட், சுத்தமான தண்ணி, ஆஸ்பத்திரின்னு நல்ல எண்ணத்துல வந்ததுதான். நடுவுல இறாலுக்கு வெளிநாட்டுல நல்ல ரேட்டுன்னு தெரிஞ்சதும் கடலடியை வாரி இழுத்துட்டு போற இழுவலை போட் பின்னாடி பணம் ஓடுச்சு, அந்த பணத்துல நெறைய கடலுக்கே போகாதவங்க பணம். தமிழ்நாட்டுக் கடக்கரையிலயும் அதே கதை. கட்டுமரக்காரன் போட்ட வலையை இழுவலை அறுத்துட்டு போகும், சண்டை, வெட்டுக்குத்து. அப்பறம்தான் 1983ல சட்டம், கரையில இருந்து 3 கடல் மைல் வரைக்கும், அதாவது அஞ்சரை கிலோமீட்டர், விசைப்படகு வரக்கூடாதுன்னு. காகிதத்துல இருக்கு. 2004 சுனாமிக்கு அப்பறம் நிவாரணமா ஃபைபர் போட் குவிஞ்சுது, பல ஊர்ல கட்டுமரம் அதோட காணாமப் போச்சு.

முன்னாடி கடல்ல ஒரு வழக்கம், புடிச்ச மீன் காசை பங்கு பிரிப்பாங்க, படகுக்கு ஒரு பங்கு, வலைக்கு ஒரு பங்கு, போன ஆளுக்கு ஆளு ஒரு பங்கு. எஞ்சின் வந்துச்சு, எஞ்சினுக்கு ஒரு பங்கு. டீசலை முதல்லயே கழிச்சுட்டு மீதியைத் தான் பிரிக்கணும்னு ஆச்சு. ஐஸ் கழிவு, கமிஷன் கழிவு. ஆளு ஒருத்தன் தான், பங்கு கேக்கற சாமான் மட்டும் கூடிட்டே போச்சு. மீன் ஜாஸ்தியா புடிச்சும் மீனவன் வீட்டுக் கூரை ஏன் மாறலைன்னா இதுதான். நீங்க சூரமங்கலத்துல பேரம் பேசறீங்களே, அங்க மிச்சம் புடிக்கற அம்பது ரூபா எந்த பங்குல இருந்து போகும்னு நெனைக்கறீங்க? டீசல் பங்குல இருந்து போகாது. (அதுக்காக பேரம் பேசாம இருக்காதீங்க, கடைக்காரர் அதையும் சேத்துத்தான் ரேட் சொல்றாரு.)

வாசகி, மேட்டூர்: முன்னல்லாம் எங்க அம்மா கூடையில மீன் எடுத்துட்டு மேச்சேரி, நங்கவள்ளி வரைக்கும் தெருத்தெருவா போயி விப்பாங்க. இப்ப வியாபாரியே கரைக்கு வந்து அள்ளிட்டு போயிடறாங்க, எங்களுக்கு வேலையே இல்ல. ஆனா விக்கற தொல்லை இல்லைன்னு ஆம்பளைங்க சந்தோஷப்படறாங்க. இது நல்லதா கெட்டதா?

மேல ஒரு கொளத்தூர் அக்காவுக்கு பாதி சொல்லி நிறுத்துனேன்ல, மீதி இதுதான்.

விடியகாலம் கரையில நின்னு பாத்தா எல்லாம் புரியும். பரிசல் வந்து ஒதுங்குது, துடுப்பை சேத்துல ஊனிட்டு வலையை அப்படியே சுருட்டித் தூக்கிட்டு வர்றாங்க, மீனை ஒண்ணொண்ணா செவுளுகிட்ட கண்ணியை விலக்கி எடுக்கறாங்க, அவசரப்பட்டா வலை கிழியும், வெரலும் கிழியும். அதுக்குள்ள டிவிஎஸ் எக்ஸ்எல்லுல தெர்மாகோல் பெட்டி கட்டிக்கிட்டு வியாபாரி வந்து நிக்கறாரு. கையில டிஜிட்டல் தராசு, கொக்கி மாட்டுனா சிவப்பு எழுத்துல கிலோ காட்டுது. கட்லா தனி, ஜிலேபி தனி, நசுங்குனது தனி. தராசு பொய் சொல்லாது, சரி. ஆனா ரேட்டு? அது அவரு சட்டைப்பைல இருக்கற கணக்கு நோட்டுல இருக்கு. ரெண்டு வருஷத்துக்கு முன்னாடி வலை வாங்க குடுத்த முன்பணம் அதே நோட்டுல இருக்கு. முன்பணம் வாங்குனவன் வேற ஆளுக்கு மீன் போட முடியாது. கையில செல்போன் இருக்கு, சேலத்துல இன்னிக்கு கட்லா என்ன ரேட்டுன்னு ஒரு நிமிஷத்துல தெரிஞ்சுக்கலாம், தெரிஞ்சு என்ன பண்றது.

உங்க அம்மா கூடை தூக்குன காலத்துல வித்த காசு முந்தானையில முடிஞ்சு வீட்டுக்கு வந்துச்சு. இப்ப காசு ஆம்பளை கைக்கு வருது, பாதி நோட்டுலயே கழிஞ்சும் போகுது. கூடை தூக்குறது சுகமான வேலைன்னு நான் சொல்ல மாட்டேன், மேச்சேரி வெயில்ல தலைச்சுமை எடுத்தவங்களுக்கு கழுத்து வலி தான் மிச்சம். ஆனா அந்த கூடையோட சேத்து உங்க வீட்டுல விலை பேசற ஆளும் போயிட்டாங்க. அதனால கெட்டதுன்னுதான் சொல்வேன், ஆம்பளைங்க சந்தோஷப்பட்டாலும்.

என்ன பண்ணலாம்னா, பேங்குல கடன் வாங்கற கிசான் கிரெடிட் கார்டு விவசாயிக்கு மட்டும் இல்ல, 2018-19ல இருந்து மீன்புடிக்கறவங்களுக்கும் உண்டு. இப்ப 2 லட்சம் வரைக்கும் அடமானம் கேக்கக் கூடாதுன்னு விதி. வலைக்கு முன்பணம் வியாபாரிகிட்ட வாங்கறதுக்கு பதிலா இதை வாங்குனா அவரு நோட்டுல இருந்து பேரு அடிபடும். 2020ல வந்த மத்திய அரசு மீன் திட்டத்துல ஐஸ் பெட்டி வெச்ச டூவீலருக்கு மானியம் இருக்கு, பொதுப்பிரிவுக்கு 40 சதவீதம், பொம்பளைங்களுக்கும் எஸ்சி எஸ்டிக்கும் 60. அதாவது அந்த எக்ஸ்எல்லை நீங்களே ஓட்டலாம். மீன்வளத்துறை ஆபீஸ்ல கேளுங்க, முதல் தடவை போனா "சார் கேம்ப் போயிருக்காரு"ன்னு சொல்லுவாங்க, மறுபடி போங்க, நாலு பேரா போங்க. மீனவர் நல வாரியத்துல பேர் பதிஞ்சாச்சான்னும் பாத்துக்குங்க, டேம்ல மீன் புடிக்கறவங்களும் சேரலாம், கடக்கரைக்காரங்களுக்கு மட்டும்னு யாராவது சொன்னா நம்பாதீங்க.

வாசகர், தாரமங்கலம்: ஐயா பங்கு பங்குன்னு போன இதழ்ல இருந்து பேசறீங்க, உழைச்சு பணம் போட்டவன் லாபம் எடுக்கறது தப்பா?

தப்பே இல்ல. போட்ட பணத்துக்கு லாபம் எடுக்கட்டும். ஏரி அவரு போட்டதா?

வாசகர், கொளத்தூர் (பிளஸ் டூ): சார், எங்கப்பா மீன்புடி. எனக்கு மீன் சம்பந்தமாவே படிக்க ஆசை. சொந்தக்காரங்க "மீன் புடிக்கறதுக்கு காலேஜா"ன்னு சிரிக்கறாங்க. அப்படி படிப்பு இருக்கா? இந்த கரையில அதுக்கு வேலை இருக்கா?

இருக்குது தம்பி. பி.எஃப்.எஸ்சி, நாலு வருஷம், மீன்வள அறிவியல். தூத்துக்குடி காலேஜ் 1977ல இருந்தே இருக்கு, பொன்னேரியிலயும் காலேஜ் இருக்கு, 2012ல நாகப்பட்டினத்துல மீன்வளத்துக்குன்னே தனி பல்கலைக்கழகம் வந்துச்சு. பிளஸ் டூ மார்க் வெச்சுத்தான் கவுன்சிலிங். பயாலஜி எடுத்திருக்கீங்களான்னு முதல்ல பாருங்க, மீனவர் குடும்பத்துப் பிள்ளைங்களுக்கு தனி எடம் உண்டு, அதுக்கு அப்பாவோட சொசைட்டி கார்டு, வாரிய அட்டை எல்லாம் இப்பவே எடுத்து ஜெராக்ஸ் போட்டு வைங்க, கடைசி நாள்ல தேடினா கிடைக்காது.

வேலைன்னா, உங்க ஊர் ஏரியிலயே இருக்கு. தண்ணி பச்சையா மாறி பாசி புடிச்சு நாத்தம் அடிக்குதுன்னு கொளத்தூர் பக்கத்துல அடிக்கடி கம்ப்ளெயிண்ட் வருது, அது ஏன் வருது, எதை நிறுத்துனா நிக்கும்னு தண்ணியை எடுத்துப் பாத்து சொல்ல ஆள் வேணும். எந்த குஞ்சு எப்ப விட்டா பொழைக்குது, சின்னக் கண்ணு வலை போட்டா அடுத்த வருஷம் எவ்வளவு நஷ்டம்னு கணக்கு காட்ட ஆள் வேணும், இப்ப அதை அதிகாரி சொன்னா யாரும் கேக்கறதில்ல, பரிசல்காரர் மகன் சொன்னா கேப்பாங்க. 2024 ஜூலை 30ல அணை 120 அடி தொட்டுச்சே, கட்டுனதுல இருந்து 43வது தடவை, உபரி தண்ணி தொறந்து விடற 16 கண் பாலத்துல பாலு மாதிரி தண்ணி ஊத்துச்சுன்னு ஊரே போயி வீடியோ எடுத்தோம். அந்த வெள்ளத்தோட எவ்வளவு மீன் கீழ போச்சுன்னு நம்ம யாருக்கும் கேக்கத் தோணல. உங்கப்பாவுக்கு தோணியிருக்கும்.

சிரிக்கற சொந்தக்காரங்களுக்கு பதில் சொல்லிட்டு இருக்காதீங்க. கவுன்சிலிங் தேதியைப் பாத்து வைங்க, அப்ளிகேஷன் நம்பரை எங்கயாவது எழுதி வைங்க, ஃபோன்ல மட்டும் வெச்சுக்காதீங்க.

(அடுத்த வாரம் பழையபடி கலவையான கேள்விங்க. மாம்பழம் பத்தி பதினோரு லெட்டர் இருக்கு, பொறுங்க.)